திருகி ஒட்டிய கிரீடம்

எங்கள் சான் புளாஸ் பேட்டைக்காரர்களுக்கு வெங்காய பலூனைத் தவிர வேறு எதுவும் செய்யத் தெரியாது என்று மேல்பேட்டைக்காரர்கள் காலம் காலமாகச் சொல்லி வந்தார்கள். மேலே கொழுத்து, கீழே சிறுத்து, திரியைக் கொளுத்தினால் ஆடி ஆடிப் போகுமே, அந்தச் சாதாரணக் காகித பலூன். அதை நாங்கள் பள்ளிக்கூட மைதானத்தில், மூக்கொழுகும் பிள்ளைகளோடு நின்று பறக்கவிட வேண்டும். சதுரம், முக்கோணம் என்று முகம் முகமாக வெட்டி ஒட்டிய உருவ பலூன்கள் பறப்பதோ கோயிலுக்கு எதிரே உள்ள பெரிய மைதானத்தில். அங்கே சான்த்தா ரோசா மேல்பேட்டையின் கொடிதான் எப்போதும் பறக்கும். எங்கள் ஊர் உரிங்குவாரோவில் நவம்பர் திருவிழா என்றால் இதுதான் வழக்கம்.

எனக்கு இதைக் கேட்டுக் கேட்டு வயிறு எரிந்தது. நான் ஓத்திலியா, கடைத்தெருவில் காகிதக் கடை வைத்திருப்பவள். மேல்பேட்டைக்கு அத்தனை வருடமும் மெல்லிய வண்ணக் காகிதம் விற்றவள் நான். காகிதத்தைக் கொடுத்துவிட்டு ஏச்சையும் வாங்கிக்கொள்ள எனக்கு என்ன தலையெழுத்தா? போன வருடம் பேட்டைக் கூட்டத்தில் எழுந்து நின்று சொல்லிவிட்டேன்.

"இந்தத் தடவை நாம பெரிய மைதானத்துல இறங்குறோம். இருபத்தாறுமுகம் செய்றோம்."

கூட்டம் வாயைப் பிளந்தது. இருபத்தாறுமுகம் என்றால் பதினெட்டுச் சதுரம், எட்டு முக்கோணம். கீழே ஒரு கிண்ணம், நடுவில் எட்டுச் சதுரம் கொண்ட பட்டை, மேலே கிண்ணத்தைக் கவிழ்த்தது போல ஒரு கிரீடம். நிறுத்தினால் வீட்டுக் கூரையைத் தாண்டும்.

"சரி அக்கா, செய்யலாம். ஆனா எவேலியோவ மட்டும் கிட்ட சேர்க்காதீங்க," என்றான் கிளேத்தோ. தச்சுப் பட்டறை வைத்திருப்பவன், வாய்த் துடுக்கு. "வேணும்னா அவன மேல்பேட்டைக்குத் தானமா குடுத்துடலாம். அவங்க பலூனும் எரியட்டும்."

எல்லோரும் சிரித்தார்கள். எவேலியோ என் தம்பி. முந்தைய வருடம் அவன் திரி கொளுத்தியபோது காற்றில் பலூன் சாய்ந்து, எல்லார் கண் முன்னாலும் பற்றி எரிந்தது. அன்றிலிருந்து ஊரில் அவனுக்குப் பெயர் தீப்பெட்டி. அன்று கூட்டத்திலும் கடைசி வரிசையில் உட்கார்ந்து, தொப்பியை முழங்காலில் வைத்து உருட்டிக்கொண்டிருந்தான். சிரிக்கவும் இல்லை, எழுந்து போகவும் இல்லை.

"கிளேத்தோ, வாய அடக்கு," என்றேன். "ஒட்டு வேலைல இவன் கைக்கு ஈடு இந்தப் பேட்டைல யாரு இருக்கா? மூணு துண்டையும் சேர்த்து ஒட்டறது எவேலியோதான். அணித்தலைவி நான். பிடிக்கலன்னா இப்பவே சொல்லுங்க, பள்ளிக்கூட மைதானத்துக்கே போயிடலாம்."

கூட்டம் ஒத்துக்கொண்டது.

கிண்ணத்தை ஒரு வீட்டில், பட்டையை ஒரு வீட்டில், கிரீடத்தை என் வீட்டில் என்று பிரித்துச் செய்தோம். பெரிய பலூனை விரித்து வைத்து ஒட்ட எந்த வீட்டிலும் இடம் கிடையாது. அதனால் சேலையை மடிப்பது போல மடித்துத்தான் ஒட்டுவோம். மடித்தபடியே விளிம்போடு விளிம்பை வைத்து, பசை தடவி, விரலால் நீவிக்கொண்டே போக வேண்டும். முழு உருவத்தை ஒட்டுகிறவன்கூடப் பார்க்க மாட்டான். திருவிழா அன்று மைதானத்தில் சூடான காற்று உள்ளே போகும்போதுதான் எல்லோரும் முதன்முதலாகப் பார்ப்போம். சதுரமெல்லாம் ஊதா, முக்கோணமெல்லாம் மஞ்சள். எவேலியோ ஒட்டி முடித்த பிறகு நான் ஒட்டின் மேல் விரல் ஓட்டிப் பார்த்தேன். ஒரு சுருக்கம் இல்லை, ஒரு பிசிறு இல்லை. என் தம்பியை நினைத்து எனக்கு நெஞ்சு நிமிர்ந்தது.

இன்னொரு வழக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். உருவ பலூன் விடும் அணி, உள்ளங்கை அளவில் அட்டையில் அதே உருவத்தைச் செய்து முன்கூட்டியே மேடையில் வைத்துவிட வேண்டும். அதற்கு மாதிரி என்று பெயர். பெரிய பலூன் மாதிரியைப் போலவே இருக்க வேண்டும். இல்லையென்றால் பறந்தாலும் கணக்கில் வராது. முதல் தடவை இறங்கிய பேட்டை அப்படித் தவறினால், மூன்று வருடம் பெரிய மைதானத்தில் கால் வைக்கக் கூடாது. திரி கொளுத்தும் முன் அணித்தலைவி ஒலிபெருக்கியில் உருவத்தின் பெயரையும், அந்தப் பெயர் ஏன் என்பதையும் தன் வாயால் சொல்ல வேண்டும்.

ஒரு விதிவிலக்கு உண்டு. சில வருடங்களுக்கு முன் மேல்பேட்டையின் மாதிரி மேல் யாரோ ஒரு குவளை அத்தோலேக் கஞ்சியைக் கொட்டிவிட்டார்கள். அட்டை ஊறிப்போயிற்று. அவர்கள் தலைவி ஹெர்மீனியா அம்மாள் மேடையில் ஏறி நின்று கத்திய கத்தலில், திரி கொளுத்தும் வரை அணித்தலைவி தன் கையால் மாதிரியைச் சரி செய்துகொள்ளலாம் என்று புது விதி போட்டார்கள். அந்த விதி அந்த அம்மாளுக்காகவே பிறந்தது.

திருவிழா அன்று வெயில் தாழ்ந்ததும் எங்கள் முறை வந்தது. நீளமான மூங்கில் கழியின் கொக்கியில் கிரீடத்தின் உச்சியை மாட்டித் தூக்கினோம். கிளேத்தோவும் மற்றவர்களும் சுற்றி நின்று காகிதத்தைப் பிடித்துக்கொண்டார்கள். எவேலியோ கீழே பலூனின் வாயருகே அடுப்பைப் பிடித்தான். காற்று ஏற ஏற ஊதாவும் மஞ்சளும் விரிந்து, சதுரம் சதுரமாக விம்மி நின்றது. அடேயப்பா! எங்கள் பேட்டைப் பெண்கள் கை தட்டிய சத்தத்தில் இசைக்குழு வாசிப்பதை நிறுத்திவிட்டது. எனக்குக் கண் கலங்கியது, மறைக்கவில்லை.

அப்போதுதான் ஹெர்மீனியா அம்மாள் தன் கூட்டத்தோடு வந்தார். பச்சைச் சால்வையைத் தோளில் சரியாகப் போட்டுக்கொண்டு பலூனை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். பிறகு மேடையில் இருந்த எங்கள் மாதிரியை எடுத்துக் கண்ணுக்கு நேரே பிடித்தார்.

"ஏம்மா ஓத்திலியா, கொஞ்சம் இங்க வா. உன் மாதிரில சதுரத்துக்கு மேல சதுரம், அதுக்கு மேலயும் சதுரம் இருக்கு. சரியா?"

"ஆமா, அதுக்கென்ன?"

"உன் பலூனப் பாரு. கீழ சதுரம், நடுவுல சதுரம், மேல முக்கோணம். கிரீடம் கோணலா உக்காந்திருக்கே, கண்ணு தெரியலையா?"

பார்த்தேன். அந்த அம்மாள் சொன்னது உண்மை. கிரீடம் ஒரு விளிம்பு தள்ளி ஒட்டப்பட்டிருந்தது. கிரீடத்தின் அடிப்பக்கம் எட்டு விளிம்பு, பட்டைக்கும் எட்டு விளிம்பு, எல்லாம் ஒரே நீளம். ஒன்று தள்ளி வைத்தாலும் கச்சிதமாகப் பொருந்தும். மடிப்புக்குள் ஒரு முகம் ஒளிந்திருக்கிறது, அதை எண்ணாமல் விட்டிருக்கிறான். பிசிறோ சுருக்கமோ இருந்தால் தெரிந்திருக்கும். அவன் ஒட்டியதோ அத்தனை சுத்தம்.

எவேலியோவைப் பார்த்தேன். அவன் என்னைப் பார்க்கவில்லை, மேலே பார்த்துக்கொண்டிருந்தான். முகம் சாம்பலாகப் போயிருந்தது.

"அக்கா, நான்தான்," என்றான். "என்னால மறுபடியும்..."

"நீ அடுப்பப் பிடி. காத்து ஆறிடப் போகுது."

"தீப்பெட்டி இந்தத் தடவ எரிக்கல, திருகிட்டான்!" என்று மேல்பேட்டைக் கூட்டத்திலிருந்து ஒருவன் கத்தினான். சீழ்க்கை பறந்தது. கிளேத்தோ காகிதத்தைப் பிடித்தபடியே பல்லைக் கடித்தான். தானமாகக் கொடுக்கலாம் என்று அவன் இப்போது சொல்லியிருந்தால் நான் அறைந்திருப்பேன்.

நடுவர் வந்தார். அமில்கார் ஐயா, மொரேலியாவில் கல்லூரியில் வடிவக்கணிதம் நடத்துபவர். மெலிந்த மனிதர், மரியாதையாகப் பேசுவார். நான் அவரிடம் பாய்ந்தேன்.

"ஐயா, எண்ணிப் பாருங்க. பதினெட்டுச் சதுரம், எட்டு முக்கோணம். எந்த மூலைய எடுத்தாலும் மூணு சதுரமும் ஒரு முக்கோணமும் சேருது. மாதிரிலயும் அதேதான். என்ன குறைஞ்சு போச்சு?"

"ஒண்ணும் குறையல அம்மா," என்றார். "எண்ணிக்கை சரி, மூலையும் சரி. ஆனாலும் இது அது இல்ல. மாதிரில எட்டுச் சதுரப் பட்டை மூணு ஓடுது, குறுக்கால ஒண்ணு, நெடுக்கால ரெண்டு. உங்க பலூன்ல நடுவுல ஒண்ணுதான் ஓடுது. மேல திரும்பி உக்காந்ததால மத்த ரெண்டும் அறுந்து போச்சு. இது வேற உருவம். விதிப்படி சேராது."

மூன்று வருடம். பிள்ளைகளோடு மூன்று வருடம். என் தம்பியோ இனி ஆயுசுக்கும் காகிதத்தைத் தொட மாட்டான்.

கோபத்தில்தான் கேட்டேன், அறிவோடு அல்ல. "வேற உருவம்னா அதுக்கு ஒரு பேரு இருக்கணும்ல? இல்ல எங்க தப்புக்கு நீங்களே ஒரு பேரு வைப்பீங்களா?"

அமில்கார் ஐயா முகம் மலர்ந்தது. இந்தக் கேள்விக்காகவே வந்தவர் போலச் சொன்னார். "நல்லா இருக்கு பேரு. திருகு இருமாடம், சதுரம், நீட்டியது."

"என்ன, என்ன? மெதுவா சொல்லுங்க."

"உங்க கிண்ணமும் கிரீடமும் புத்தகத்துக்கு ஒண்ணுதான். ரெண்டையும் குவிமாடம்னு சொல்வாங்க. ரெண்டு இருக்கறதால இருமாடம். உச்சில சதுரம் இருக்கறதால சதுரம். நடுவுல பட்டைய வச்சு உயர்த்தினதால நீட்டியது. ரெண்டு மாடமும் ஒண்ணுக்கு ஒண்ணு நேரா பார்த்தா முன்னால நேர்னு போடுவோம். ஒரு விளிம்பு திரும்பியிருந்தா திருகுனு போடுவோம்."

"இதுக்கு மட்டுமா, எல்லாத்துக்குமா?"

"எல்லாத்துக்கும். உச்சில முக்கோணம் இருந்தாலும், ஐங்கோணம் இருந்தாலும் அதே பேச்சுதான். புத்தகம் எழுதினவங்களே அட்டைய ஒட்டும்போது இப்படித் திருப்பி ஒட்டியிருக்காங்க அம்மா. ரொம்ப நாள் ரெண்டுக்கும் வித்தியாசமே தெரியாம இருந்திருக்காங்க."

"நடுவர் அவங்களுக்குப் பாடம் நடத்துறாரு, பாருங்கடா!" என்று ஹெர்மீனியா அம்மாள் கூவினார்.

"பேரு கேட்டாங்க, சொன்னேன்," என்றார் அவர். "நீங்க கேட்டாலும் சொல்வேன்."

எனக்கோ அதற்குள் உடம்பெல்லாம் சுறுசுறுவென்று ஆகிவிட்டது. ஏனென்றால் அந்தப் பெயர் வாயில் நுழையாத படிப்பாளிப் பெயராக எனக்குக் கேட்கவில்லை. அது ஒட்டும் முறையாகக் கேட்டது. இரண்டு மாடத்தை எடு, நடுவில் பட்டையை வை, ஒன்றை ஒரு விளிம்பு திருப்பு. எவேலியோவின் கை செய்ததைத்தான் யாரோ ஒரு புண்ணியவான் பெயராக எழுதி வைத்திருக்கிறான். இதைத் தப்பு என்று சொல்ல இவர்கள் யார்?

மேடைக்கு ஓடினேன். ஹெர்மீனியா அம்மாள் கையிலிருந்து மாதிரியைப் பிடுங்கினேன்.

"ஐயா, திரி இன்னும் கொளுத்தல. சரிதானே?"

"இல்ல, கொளுத்தல."

"அதுவரைக்கும் அணித்தலைவி தன் கையால மாதிரியச் சரி செய்யலாம். அத்தோலே விதி. மேடைல நின்னு கத்தி அத வாங்கினது யாரு? ஹெர்மீனியாம்மா, நீங்களே சொல்லுங்களேன்!"

கூட்டத்தில் யாரோ சிரிக்க ஆரம்பித்தார்கள், பிறகு பாதி மைதானமே சிரித்தது. மேல்பேட்டைக்காரர்களிலும் நாலு பேர் சிரித்ததை நான் பார்த்தேன்.

கடைக்காரி இடுப்பில் கத்தரிக்கோல் இல்லாமல் இருப்பாளா? மாதிரியின் கிரீடத்தைப் பட்டையின் விளிம்போடு வெட்டி எடுத்தேன். ஒரு விளிம்பு திருப்பி வைத்தேன். சதுரத்துக்கு மேல் முக்கோணம் வந்து உட்கார்ந்தது. பசை? பசை டப்பா வீட்டில் கிடந்தது. காற்று வேறு எழ ஆரம்பித்துவிட்டது. பலூன் கழியின் உச்சியில் புரண்டது.

"அக்கா, பிடிக்க முடியல, சீக்கிரம்!" என்று கிளேத்தோ அலறினான்.

மேடை ஓரத்தில் ஒரு கிழவர் கொருந்தா என்ற சோளக் கொழுக்கட்டையைத் தின்றுகொண்டு, பக்கத்தில் ஒரு குவளை அத்தோலே வைத்திருந்தார். சோள மாவில் காய்ச்சிய கஞ்சிதானே! ஆறி ஏடு கட்டிக் கொழகொழவென்று இருந்தது. அதில் விரலை விட்டேன்.

"ஏய், என் கஞ்சி!" என்றார் அவர்.

"நாளைக்கு ஒரு பானையே காய்ச்சித் தரேன் பெரியவரே!"

எட்டு விளிம்பிலும் அத்தோலே தடவி அழுத்தினேன். ஒட்டிக்கொண்டது. மாதிரியை அமில்கார் ஐயா கையில் வைத்தேன். அவர் மாதிரியைப் பார்த்தார், பலூனைப் பார்த்தார், மறுபடி மாதிரியைப் பார்த்தார். விரலில் பட்ட கஞ்சியைக் கைக்குட்டையில் துடைத்துக்கொண்டார்.

"பொருந்துது," என்றார். "ஆனா பேரச் சொல்லணும். ஏன்னும் சொல்லணும்."

ஒலிபெருக்கியை வாங்கினேன். என் கடைக்கு வரும் சனம் முழுவதும் எதிரே நின்றது. அடுப்பின் அருகே தலை குனிந்து நின்ற தம்பியைப் பார்த்தபடி பேசினேன்.

"உரிங்குவாரோ சனங்களே! எங்க பலூனோட பேரு திருகு இருமாடம், சதுரம், நீட்டியது. மாடம் ரெண்டு, அதனால இருமாடம். உச்சி சதுரம், அதனால சதுரம். நடுவுல பட்டை, அதனால நீட்டியது. மேல் மாடம் கீழ் மாடத்துக்கு நேரா இல்லாம ஒரு விளிம்பு திரும்பியிருக்கு, அதனால திருகு."

"திருகுன்னா துணி பிழியற மாதிரி முறுக்கணும்ல?" என்று ஹெர்மீனியா அம்மாள் கேட்டார். குரலில் இன்னும் காரம் இருந்தது. "எங்க முறுக்கியிருக்கு? ஒரு சுருக்கத்தக் காட்டு பார்ப்போம்!"

அந்த அம்மாளுக்கு நான் கோயில் கட்டிக் கும்பிட வேண்டும். இதைவிட நல்ல கேள்வியை என் சொந்தக்காரன்கூடக் கேட்டிருக்க மாட்டான்.

"சுருக்கம் கிடைக்காதும்மா! இந்தத் திருகு காகிதத்த முறுக்கற திருகு இல்ல. ஒரு முகமும் கோணல, ஒரு விளிம்பும் இழுபடல. கிரீடம் முழுசா ஒரு இடம் தள்ளி உக்காந்திருக்கு, அவ்வளவுதான். நேரா ஒட்டினத எப்படிக் கவிழ்த்து வச்சாலும் ஒரே மாதிரி இருக்கும், எது தலை எது இடுப்புன்னு தெரியாது. இது அப்படி இல்ல. இதுக்குப் பட்டை ஒண்ணுதான், நிக்கற வழியும் ஒண்ணுதான். நிமிர்ந்துதான் நிக்கும். இத ஒட்டினது எங்க எவேலியோ!"

எங்கள் பேட்டை கிடுகிடுத்தது. "திருகு இருமாடம்! சதுரம்! நீட்டியது!" என்று பெண்கள் கை தட்டித் தாளம் போட்டார்கள். இசைக்குழுவின் கொம்புக்காரன் அந்தத் தாளத்திலேயே ஊதத் தொடங்கினான்.

"திரி," என்றார் அமில்கார் ஐயா.

தீப்பந்தத்தை எடுத்து எவேலியோவிடம் நீட்டினேன். அவன் பின்வாங்கினான்.

"வேண்டாம் அக்கா. கிளேத்தோ கொளுத்தட்டும். என் கை ராசி தெரியும்ல உனக்கு?"

நான் பதில் சொல்வதற்குள் கிளேத்தோவே திரும்பினான். "டேய், எனக்கு ரெண்டு கையும் பலூன்ல இருக்கு. கொளுத்துடா. சாஞ்சா நான் பிடிக்கறேன்."

எவேலியோ பந்தத்தை வாங்கினான். பலூன் வாயின் நடுவே கம்பியில் தொங்கிய திரியைத் தொட்டான். காற்று ஒரு தள்ளுத் தள்ளியது. பலூன் சாய்ந்தது. கூட்டம் முழுவதும் மூச்சைப் பிடித்தது. கிளேத்தோ முழங்காலில் விழுந்து வாயை நேரே பிடித்தான். தீ நடுவிலேயே நின்றது. கழியை விலக்கினோம், கையை விட்டோம்.

போயிற்று ஐயா, போயிற்று! கோயில் மணிக்கூண்டைத் தாண்டி, பைன் மரங்களைத் தாண்டி, மெல்லச் சுழன்றபடி நேரே ஏறியது. உள்ளே இருந்த தீயில் ஊதாச் சதுரங்கள் திராட்சைப் பழம் போல மின்னின. மஞ்சள் முக்கோணங்கள் கீழே நாலு, மேலே நாலு, ஒன்றையொன்று விலகி நின்றது அவ்வளவு தூரத்திலும் தெரிந்தது. என் தம்பி வாயைப் பொத்திக்கொண்டு அழுதான். நான் பொத்திக்கொள்ளாமல் அழுதேன்.

முதல் பரிசு மேல்பேட்டையின் நட்சத்திர பலூனுக்குத்தான் போனது. போகட்டும், அது நல்ல நட்சத்திரம். எங்கள் பலூன் செல்லும் என்று நடுவர் ஒலிபெருக்கியில் சொன்னார். சான் புளாஸ் பேட்டை இனி பெரிய மைதானத்துப் பேட்டை. அது போதும் எங்களுக்கு.

கழிகளைக் கட்டிக்கொண்டிருந்தபோது ஹெர்மீனியா அம்மாள் தனியாக வந்தார். என்னைத் தாண்டி நேராக எவேலியோவிடம் போனார்.

"தம்பி, ஒண்ணு கேக்கணும். எந்தப் பக்கம் திருப்பின? இடமா, வலமா?"

எவேலியோ, அந்த வருடத்தில் முதல் தடவையாக, வாய்விட்டுச் சிரித்தான்.

"எந்தப் பக்கம் திருப்பினாலும் ஒண்ணுதான்மா. ஒரு விளிம்பு தள்ளணும், அவ்வளவுதான். ஒட்டு சுத்தமா இருக்கணும்."

"அடுத்த வருஷம் எங்க பேட்டைக்கு வந்து ஒட்டித் தரியா? நாங்க மரியாதையா வச்சுக்குவோம்."

நான் வாயைத் திறந்தேன். அதற்குள் கிளேத்தோ தோளில் இருந்த கழியைத் தரையில் போட்டுவிட்டு இருவருக்கும் நடுவில் வந்து நின்றான்.

"அதெல்லாம் முடியாதும்மா," என்றான். "இவன் எங்க ஆளு. குடுக்க மாட்டோம்."